பிரமாணத்துக்கு ஆகாத நாள்

அண்ணே, கொஞ்சம் தள்ளி உக்காருங்க. தமிழ்தானே நீங்க? போன்ல 'வந்துட்டேன், வந்துட்டேன், கத்தாத'ன்னு சொன்னீங்கள்ல, அப்பவே கண்டுபிடிச்சுட்டேன். வீட்டுக்குப் பயப்படுற குரல் எந்த நாட்டுல கேட்டாலும் தெரிஞ்சுரும்ணே.

மெதுவாவே பேசுவோம். டிரைவருக்குப் பின்னாடி ரெண்டாவது சீட்டுல, நீலச் சட்டை, மடியில ஸ்வீட் டப்பா, பாத்தீங்களா? அவருதான் எங்கப்பா. பேரு தவசிலிங்கம். அமெரிக்கக் குடிமகன். நான் அவரு பெத்த ஒரே மகன் அருஞ்சுனை. நான் இன்னும் அருப்புக்கோட்டைக் குடிமகன். ஒரே வீட்டுல ரெண்டு நாடு. காலையில பாத்ரூமுக்கு முந்துறதுதான் எங்க எல்லைச் சண்ட.

நெவார்க்குல குடியுரிமை ஆபீசுக்குப் போயிட்டுத்தான் திரும்புறோம். எனக்கு இன்னைக்கு இன்டர்வியூ.

நீங்க கார்டு வாங்கி எத்தன வருசம்? மூணா? அப்ப இன்னும் ரெண்டு இருக்கு. கேட்டுக்கங்க, உதவும். அஞ்சு வருசம் கிரீன் கார்டுல இருக்கணும். அதுல பாதி நாளாவது இந்த மண்ணுலயே கெடக்கணும், மச்சினன் கல்யாணம், கொழுந்தியா வளைகாப்புன்னு ஓடிட்டே இருந்தா கழிச்சுருவாய்ங்க. இங்கிலீசு பேசணும், படிக்கணும், எழுதணும். இந்த நாட்டப் பத்திக் கேள்வி கேப்பாய்ங்க, பதில் சொல்லணும். இதெல்லாம் போக நன்னடத்தை வேணும். அதுக்கு ஒரு பட்டியல் வச்சிருக்காய்ங்க ஃபாரத்துல. நீ குடிகாரனா? உனக்கு ரெண்டு பொண்டாட்டியா? கவர்மென்ட கவுக்கப் பாத்தியா? ஆள அடிச்சு சித்ரவதை பண்ணியிருக்கியா? இதுக்கெல்லாம் ஆமான்னு எவன்ணே எழுதுவான்?

எங்கப்பா எழுதுவாரு.

மாட்டிக்காத குத்தம் ஏதாவது பண்ணியிருக்கியான்னு ஒரு கேள்வி வரும். அவரு ஃபாரத்த நான்தான் நிரப்புனேன், எனக்கு அப்பப் பதினேழு வயசு. இல்லன்னு டிக் அடிக்கப் போறேன், கையப் பிடிச்சுக்கிட்டாரு. எளவட்டத்துல அருப்புக்கோட்டையில இருந்து விருதுநகருக்கு ஒரு தடவ டிக்கெட் எடுக்காம ரயில்ல போனாராம். அத எழுதணுமாம். யப்பா, அது விருதுநகர் ஸ்டேசன் மாஸ்டருக்கே தெரியாது, வாசிங்டனுக்கு எதுக்குன்னு கேட்டேன். கேக்கல. எழுத வச்சாரு. இன்டர்வியூ பண்ணுன ஆளு அதப் படிச்சுட்டு, எங்கப்பாவ ஏற எறங்கப் பாத்துட்டு, பக்கத்தத் திருப்பிட்டானாம். அந்தாளு வாழ்க்கையில இப்படி ஒரு பயங்கரவாதியப் பாத்திருக்க மாட்டான்.

நாங்க வந்த கதை சுருக்கம்தான். எங்க அத்தை ராஜபுஷ்பம் இங்க நர்சு. தம்பிக்குன்னு கிரீன் கார்டுக்கு எழுதிப் போட்டுச்சு, நான் பொறக்கறதுக்கு முன்னாடி. அது வந்து சேந்தப்ப எனக்குப் பன்னெண்டு வயசு. ஊருல தறிக்குப் பாவு ஓட்டிக்கிட்டிருந்த மனுசன் இங்க மளிகைக் கடையில துவரம் பருப்பு அடுக்க வந்தாரு. இன்னும் அடுக்குறாரு.

நூறு கேள்வியும் பதிலும் நான்தான் சொல்லிக் குடுத்தேன். அவரு அடுப்பாங்கரையில வெங்காயம் உரிக்க, நான் மேடை மேல ஏறி உக்காந்து, வாத்தியாரு. நாட்டுக்குச் சட்டம் போடுறது யாருன்னு கேட்டேன். காங்கிரசுன்னு போட்டுருக்கு. அவரு கத்திய கீழ வச்சுட்டு, இங்கயும் அவங்கதானான்னு கேட்டாரு. ரெண்டு நாளு அந்தக் கேள்விய விட்டு நகரலண்ணே. ஆனா படிச்சுட்டாரு. தூக்கத்துல எழுப்பிக் கேட்டாலும் சொல்வாரு. எனக்குப் பள்ளிக்கூடத்துல ஒரு தேதி மண்டையில நின்னதில்ல, அந்த மனுசன் அத்தனையும் பாராயணம் பண்ணுனாரு. பாஸும் ஆயிட்டாரு.

இங்கதான் நீங்க கவனமா இருக்கணும். பாஸ் ஆனா முடிஞ்சுச்சுன்னு நெனச்சுராதீங்க. பிரமாணம்னு ஒண்ணு இருக்கு. எல்லாரையும் ஒரு ஹாலுக்கு வரச் சொல்லி, வலது கையத் தூக்கச் சொல்லி, இனி இந்த நாடுதான் என் நாடுன்னு சொல்ல வைப்பாய்ங்க. அதச் சொல்ற நிமிசம் வரைக்கும் நீங்க ஒண்ணும் கெடையாது. சொன்ன நிமிசத்துல குடிமகன். அதுமட்டுமில்ல, அந்த நிமிசத்துல உங்க புள்ளைக்குப் பதினெட்டு முடியாம இருந்து, கார்டும் இருந்து, உங்க கூடவே இருந்தா, அதுவும் குடிமகன். பரிச்ச இல்ல, ஃபாரம் இல்ல, ஒரு மண்ணும் இல்ல. அப்பன் வாயத் தொறந்தா மகனும் அமெரிக்கன்.

எங்கப்பாவுக்குப் பிரமாணத்துக்குத் தேதி வந்தது ஒரு செவ்வாக்கெழம. எனக்குப் பதினெட்டு முடிய அன்னைக்கு இன்னும் ரெண்டு வாரம் இருக்கு.

எவ்வளவு பொருத்தம் பாருங்க. தெய்வமே பாத்து தேதி போட்ட மாதிரி. ஆனா எங்க வீட்டுல தெய்வத்துக்கு மேல ஒரு ஆளு இருக்கு, தினசரி காலண்டர். அத்தை ஊருக்குப் போனா கொண்டு வரும், அம்மனும் முருகனும் இருக்க, கீழ கிழிக்கிற தாளு. எங்கப்பா கடுதாசியப் படிச்சதும் சிரிச்சாரு, எங்கம்மாவக் கூப்பிட்டாரு, எனக்குக் கன்னத்துல ஒண்ணு வச்சாரு, பாசத்துல. அப்புறம் காலண்டருகிட்ட போனாரு. தாளத் தூக்கித் தூக்கிப் பாத்தாரு. மொகம் சுண்டிப் போச்சு. அஷ்டமி.

அஷ்டமியில புதுசா ஒண்ணும் தொடங்கக் கூடாதாம். சட்டை தைக்கக் கூட துணி வெட்ட மாட்டாரு அந்த மனுசன், நாடு மாறுவாரா?

எங்கம்மா செல்லக்கனிக்கு அவரவிட விவரம் ஜாஸ்தி. அது ஒரு வழி சொல்லுச்சு. பரஸ்தானம்னு கேள்விப்பட்டிருக்கீங்களா? ஆகாத நாள்ல பயணம் போக வேண்டியிருந்தா, மொத நாளே நல்ல நேரத்துல நம்ம துணிமணிய ஒரு பையில போட்டு, வேற ஒரு வீட்டுல கொண்டு போயி வச்சிரணும். வச்சாச்சுன்னா நாம அப்பவே கெளம்பிட்டதாக் கணக்கு. மறுநாள் அஷ்டமியில அந்த வீட்டுக்குப் போயி பைய எடுத்துக்கிட்டுப் போனா தோஷம் இல்ல. அதாவது, மனுசன் வீட்டுல தூங்குறான், அவன் பனியன் மட்டும் பயணம் போயிருச்சு. இத எந்த ஏர்லைன்ஸ்காரனும் இன்னும் கண்டுபிடிக்கல.

அப்பா ஒத்துக்கிட்டாரு. அது போதும்னுட்டாரு. மஞ்சப்பை, அதுல அவரு வேட்டி, பனியன், துண்டு, ஒரு தேங்கா, மஞ்சத் துண்டு. சரி, யாரு வீட்டுல வைக்கிறது? அத்தை வீடு ரெண்டு மணி நேர தூரம். எங்க கட்டடத்துல தமிழ் ஆளே கெடையாது. எதுத்த வீட்டுல ஜாக்ருதி பென்னுன்னு ஒரு குஜராத்தி அம்மா, எங்கம்மாவுக்குப் பழக்கம். அங்க குடுத்துட்டு வான்னு பைய எங்கிட்ட நீட்டுறாங்க. ஏன்னா இங்கிலீசுல வெளக்கிச் சொல்ல நான்தானே ஆளு.

அண்ணே, உங்களுக்கும் பதினேழு வயசு இருந்திருக்கும். அந்த வீட்டுல கிருபான்னு ஒரு பொண்ணு இருக்கு. என் கிளாசுதான். அதுகிட்ட நான் இங்கயே பொறந்தவன்னு சொல்லி வச்சிருக்கேன். ஊருப்பக்கமே போனதில்லன்னு சொல்லி வச்சிருக்கேன். இப்ப நான் போயி கதவத் தட்டி, கிருபா, இந்தா எங்கப்பா பனியன், இது நாளைக்கு அமெரிக்கா போகுது, ராத்திரி மட்டும் உங்க சோபாவுல இருக்கட்டும்னு சொல்லணுமா? நீங்களா இருந்தா சொல்வீங்களா?

பைய வாங்கிட்டு நேரா கீழ துணி தொவைக்கிற ரூமுக்குப் போனேன். மெசின் மேல உக்காந்து பத்து நிமிசம் போன் பாத்தேன். மேல வந்தேன். அவங்க வேணாம்னுட்டாங்க, அவங்க வழக்கத்துல அடுத்தவங்க துணிய வீட்டுல வைக்க மாட்டாங்களாம்னு சொல்லிட்டேன். எங்கம்மா பாவம், ஆமா, ஆசாரமான ஆளுங்கன்னு சொல்லுச்சு. அத விடுங்க, சின்னப் பய சமாச்சாரம். சிரிப்புக்குச் சொன்னேன்.

விசயத்துக்கு வர்றேன். அந்த அஷ்டமி. அந்த ஒரு அஷ்டமி, எங்கப்பாவோட அந்த ஒரு மூட நம்பிக்க, என் வாழ்க்கைய எப்படிக் காலி பண்ணுச்சு பாருங்க. வேற தேதி குடுங்கன்னு லெட்டர் போடச் சொன்னாரு. நான் டைப் அடிச்சுக் குடுத்தேன். காரணம்னு கேட்டுருந்துச்சு. அஷ்டமின்னா எழுத முடியும்? வயித்துக் கோளாறுன்னு போட்டேன். கையெழுத்துப் போட மாட்டேன்னு அரை மணி நேரம் சண்ட, எனக்கு வயிறு நல்லாத்தானடா இருக்குன்னு. அப்புறம் எங்கம்மா ரெண்டு பச்ச மொளகாய அரைச்சு சட்னியில போட்டு விட்டுச்சு. அது உண்மையானதுக்கப்புறம் கையெழுத்துப் போட்டாரு.

புதுத் தேதி ஏழு வாரம் கழிச்சு வந்துச்சு. வளர்பிறை, முகூர்த்த நாள், சகல லட்சணமும் பொருந்துன நாள். நடுவுல என் பொறந்தநாளு வந்துட்டுப் போச்சு, கேக் வெட்டுனோம். அப்பா போயி கையத் தூக்கிட்டு வந்தாரு. கையில குட்டிக் கொடி. வீட்டுல பாயாசம். அத்தை அவ்வளவு தூரத்துல இருந்து வந்துருக்கு, வந்த ஒடனே என்னக் கட்டிப்பிடிச்சு, புள்ளைக்கும் சேத்து ஆச்சுல்ல, இனி கவல இல்லன்னுச்சு. நாங்க முழிக்கிறோம். அத்தை வெவரம் சொல்லுச்சு. சொல்லிட்டு விரலு மடக்கிக் கணக்குப் போட்டுச்சு. போட்ட விரல அப்படியே வச்சுக்கிட்டு எங்கப்பாவப் பாத்துக் கேட்டுச்சு:

"தவசி, இவனுக்கு என்னைக்குடா பதினெட்டு முடிஞ்சது?"

எங்கப்பா அந்தக் கொடியப் பாயாசச் சட்டிப் பக்கத்துல வச்சுட்டு பால்கனிக்குப் போயிட்டாரு. பாயாசம் ஆறிப் போச்சுண்ணே, அது ஒரு வருத்தம்.

அந்த விதி புத்தகத்துலயே இருந்துச்சாம். நான் அவருக்குப் பாடம் எடுத்த அதே புத்தகம். எனக்கென்ன தெரியும்? நான் கேள்வி பதில் பக்கத்த மட்டும் கிழிச்சு வச்சிக்கிட்டு மிச்சத்தப் பழைய பேப்பருல போட்டுட்டேன்.

நீங்க கேப்பீங்க, சரி, பதினெட்டு ஆச்சு, நீயே விண்ணப்பம் போட வேண்டியதுதானேன்னு. போட்டிருக்கலாம். எனக்கும் அஞ்சு வருசம் ஆயிருச்சு. ஆனா நான் ஏன்ணே போடணும்? கெடுத்தது அவரு. அவரே சரி பண்ணட்டும். அந்தக் கோவத்துல நாலு வருசம் உக்காந்துட்டேன். காலேஜுல சேந்தேன், ரெண்டாவது செமஸ்டர்ல வெளிய வந்துட்டேன். மனசு சரியில்ல, எப்படிப் படிக்க வரும்? அப்பா கேட்டாரு ஏன்டா நிறுத்துனன்னு. அஷ்டமின்னேன். டிரைவிங் டெஸ்டுல ரெண்டு தடவ போச்சு, அஷ்டமின்னேன். அவரு அப்படியே எந்திரிச்சுப் போயிருவாரு. அதுக்கு நடுவுல இந்த கவர்மென்டு, பதினெட்டு ஆன ஆம்பளப் பய நீ, சண்ட கிண்ட வந்தா கூப்பிடுறதுக்குப் பேரு பதிஞ்சு வைன்னு கடுதாசி அனுப்பியிருக்கு. ஓட்டுப் போட நான் ஆக மாட்டேன், குண்டு வாங்க ஆவேன். அதுக்குக் கிரீன் கார்டே போதுமாம்.

அப்புறம் வேல. காதக் கொஞ்சம் குடுங்க. நான் வேல பாக்குறது கஞ்சாக் கடையில. அட, ஏன்ணே நகர்றீங்க? போர்டு போட்டு, லைசென்சு மாட்டி, வரி கட்டி விக்கிறாய்ங்க. இந்த மாநிலத்துல சட்டப்படி சரி. கண்ணாடி சீசாவுல வச்சு, கையில உறையெல்லாம் மாட்டி, நகைக் கடை மாதிரி இருக்கும். வரிசையில நிக்கிறதுல பாதிப்பேரு ரிட்டயர்டு டீச்சரம்மாக்க. முட்டி வலிக்கு வாங்குறேன்னு சொல்வாங்க, எங்க அப்பத்தா வயசு இருக்கும்.

அப்பாகிட்ட செடி கடைன்னு சொல்லியிருக்கேன். என்ன தப்பு? செடிதானே. அவருக்கு ஒரே சந்தோசம். மளிகைக் கடைக்கு வர்றவங்ககிட்ட எல்லாம், எம்மகன் அமெரிக்கா வந்து வெவசாயத்துல எறங்கிட்டான்னு சொல்லிக்கிட்டுத் திரியிறாரு.

போன வருசம் ஒரு நாள் அவரே என் ஃபாரத்தத் தூக்கிட்டு வந்து உக்காந்துட்டாரு. இருவது பக்கம்ணே. மளிகைக் கடையில வேல முடிஞ்சு வந்து, தெனம் ஒரு பக்கம், டிக்சனரிய வச்சுக்கிட்டு, முத்து முத்தா எழுதுறாரு. நான் இருந்த வீடு, படிச்ச எடம், வெளிநாடு போன நாளு. வேலைன்ற எடத்துல கார்டன் சென்டர், சேல்ஸ்னு எழுதியிருந்தாரு. நான் சொன்னத எழுதுனாரு. படிச்சுப் பாத்துக் கையெழுத்துப் போடுடான்னாரு. நான் கடைசிப் பக்கத்துல போட்டுட்டுப் போயிட்டேன். கேள்வியும் அவருதான் சொல்லிக் குடுத்தாரு. இப்ப எண்ணிக்கையக் கூட்டிட்டாய்ங்க, புதுசா வந்ததெல்லாம் அவரே உக்காந்து படிச்சு, எங்கிட்ட கேட்டாரு. நான் சோபாவுல படுத்துக்கிட்டுப் பதில் சொல்வேன். இன்டர்வியூத் தேதி வந்தப்ப காலண்டர் பக்கமே போகல. என்ன நாளா இருந்தாலும் சரி, போறோம்னுட்டாரு.

காலையில அஞ்சு மணிக்கே குளிச்சு ரெடி. ஸ்வீட்டு வேற. இன்டர்வியூதான்ப்பா, பிரமாணம் இல்லன்னு சொன்னேன். கேக்கல.

உள்ள ஒரு அம்மா. அம்பது வயசு, கண்ணாடி, நல்ல சிரிச்ச மொகம். வலது கையத் தூக்கு, சொல்றதெல்லாம் உண்மைன்னு சொல்லுன்னுச்சு. சொன்னேன். கேள்வி கேட்டுச்சு, கேட்டதுக்கெல்லாம் பட்டு பட்டுன்னு பதில். பாஸ்னு அப்பவே சொல்லிருச்சு. படிக்கச் சொன்னுச்சு, படிச்சேன். எழுதச் சொன்னுச்சு, எழுதுனேன். குடிகாரனா, இல்ல. ரெண்டு பொண்டாட்டியா, ஒண்ணுக்கே வழியில்ல மேடம்னேன், சிரிச்சிருச்சு. எனக்கு யாராவது சிரிச்சா போதும்ணே, அதுதான் என் வியாதி.

வேலைப் பக்கத்துக்கு வந்துச்சு. கார்டன் சென்டரான்னு ஒரு சந்தோசம் அந்தம்மாவுக்கு. பேனாவக் கீழ வச்சுட்டு, வீட்டுல தக்காளிச் செடி வச்சிருக்கேன், எலையெல்லாம் மஞ்சளாப் போகுது, என்ன பண்ணலாம்னு எங்கிட்ட யோசனை கேக்குது. நல்ல மனசுல கேக்குது. தண்ணி கொறைச்சு ஊத்துங்கன்னு சொல்லிட்டுப் போயிருக்கலாம். எங்கப்பாவா இருந்தா தக்காளியப் பத்தி ஒரு மணி நேரம் பேசியிருப்பாரு. நான் என்ன சொன்னேன் தெரியுமா?

"எங்க கடைச் செடிய வாங்குங்க மேடம். தக்காளி மொத்தமும் மஞ்சளானாலும் உங்களுக்குக் கவலையே வராது."

கண்ணாடியக் கழட்டிருச்சு. அது என்ன மாதிரி கார்டன் சென்டர்னு கேட்டுச்சு. இப்பச் சிரிப்பு இல்ல. நான் கையத் தூக்கிச் சத்தியம் பண்ணியிருக்கேன்ல? சொல்லிட்டேன். இந்த மாநிலத்துல சட்டம்தானே மேடம்னேன். மாநிலத்துக்குச் சட்டம், குடியுரிமை குடுக்குறது டெல்லி மாதிரி பெரிய கவர்மென்டு, அவங்களுக்கு அது இன்னும் குத்தம், அதுல வேல பாக்குறது நன்னடத்தையில வராதுன்னு பொறுமையா வெளக்குச்சு. என் கடையில என்கூட நிக்கிற டைலர்னு பேருள்ள பய அதே சீசாவ அதே கையால எடுத்துக் குடுக்குறான். அவன் இங்க பொறந்தவன், அவனுக்கு நன்னடத்த உண்டு. எனக்குக் கெடையாது.

நீயும் உபயோகிப்பியான்னு கேட்டுச்சு. அங்கயாவது வாயப் பொத்தியிருக்கணும். ஊழியருக்குத் தள்ளுபடி உண்டு மேடம்னேன்.

எழுதிக்கிச்சு. நெறைய எழுதிக்கிச்சு. இப்ப முடிவு சொல்ல முடியாது, லெட்டர் வரும்னு ஒரு தாளக் குடுத்துச்சு. வாசல் வரைக்கும் வந்து, நாட்ட விட்டு எங்கயும் போகாத, சீக்கிரம் ஒரு வக்கீலப் பாருன்னு மெதுவாச் சொல்லுச்சு. நல்ல அம்மாண்ணே. அந்த லெட்டருல என்ன இருக்கும்னு அது மொகத்துலயே படிச்சுட்டேன். குடியுரிமைய விடுங்க, இருக்குற கார்டு நிக்குமான்னே தெரியல. இது வரைக்கும் சிரிச்சுக்கிட்டே சொல்லிட்டேன். இதுக்கு மட்டும் ஒரு ஜோக்கும் வர மாட்டேங்குது.

வெளிய ஹால்ல அப்பா எந்திரிச்சு நிக்கிறாரு, டப்பா மூடியப் பாதி தொறந்து வச்சுக்கிட்டு. என்ன சொல்றது? நாள மாத்திட்டாய்ங்கப்பான்னு சொன்னேன். மூடிய மூடுனாரு. அப்படியே நாற்காலியில உக்காந்துட்டாரு. அத்தன பேரு இருக்காங்க, கண்ணுல தண்ணி வச்சுட்டாரு மனுசன். அன்னைக்கு நான் மட்டும் போயிருந்தா உனக்கு இந்த அலைச்சலே இல்லயேடா, எல்லாம் என்னால வந்ததுதானேன்னு கேட்டாரு.

ஆமாப்பான்னு சொன்னேன்.

வேற என்னண்ணே சொல்ல முடியும் அந்த எடத்துல? கேட்டாரு, சொன்னேன்.

இந்தா, திரும்பிப் பாக்குறாரு. சிரிங்க, சிரிச்சு வைங்க. எந்திரிச்சுட்டாரு. டப்பாவும் வருது. அண்ணே, அவரு வர்றதுக்குள்ள ஒண்ணு சொல்லிர்றேன், கோவிச்சுக்காதீங்க. இங்க வந்து உக்காரும்போது அவருகிட்ட, அந்தா டை கட்டியிருக்காருல்ல, அந்த அண்ணன் குடியுரிமை வக்கீல்கிட்ட வேல பாக்குறாரு, வெவரம் கேட்டுட்டு வர்றேன்னு சொல்லிட்டுத்தான் வந்தேன். நான் சொன்னா இப்பெல்லாம் நம்ப மாட்டேங்குறாரு. நீங்க வெளியாளு, நம்புவாரு. ஒரே ஒரு கேள்விதான் கேப்பாரு.

வாங்கப்பா, இப்படி உக்காருங்க. இவருதான். எனக்கு மறுபடி எப்பக் கூப்பிடுவாங்கன்னு இவரையே கேளுங்க.

சொல்லுங்கண்ணே.